இம்பீரியல் சலூனின் வட்ட ஜன்னல்

சத்தியம், அண்ணாச்சி, சத்தியம்! இந்தக் கத்தி மேல் சத்தியம், கத்தி படுகிற உங்கள் கழுத்து மேல் சத்தியம், வெளியே கிடக்கிற கடல் மேல் சத்தியம். ஒரு சொல் பொய்யென்றாலும் இந்தக் கை இனி ஒருத்தர் தாடையைத் தொடக் கூடாது. பயப்படாதீர்கள், கழுத்தை மட்டும் ஆட்டாதீர்கள். கேட்டது நீங்கள்தானே? ‘தெருவிலே இருபத்திரண்டு கடையும் இடிந்து தரைமட்டமாகக் கிடக்கிறது, உம்ம கடை மட்டும் எப்படி ரோட்டுக்குள் மூக்கை நீட்டிக்கொண்டு நிற்கிறது?’ என்று. கேட்டுவிட்டு நடுவில் எழுந்து போக முடியாது. பாதி மீசையோடு எங்கே போவீர்கள்?

எம்.எல்.ஏ. என் மச்சினன் என்பான் ஒருத்தன். கோர்ட்டில் தடை வாங்கினான் என்பான் இன்னொருத்தன். எல்லாம் வயிற்றெரிச்சல். இந்த இம்பீரியல் சலூன் நிற்பது ஒரு ஜப்பான்காரர் போட்ட படத்தால். அதுவும் நடிகர் நடிக்கிற படம் இல்லை, வரைந்து ஓடவிடுகிற படம். பொம்மைப் படம் என்று சொல்லிவிடாதீர்கள், எனக்குக் கோபம் வரும்.

அவர் பெயர் முரகுச்சி. எங்கள் தெருவில் முருகுச்சாமி என்றே கூப்பிட்டார்கள், அவரும் திரும்பிப் பார்த்தார். தொண்ணூற்றாறு, மாசி மாதம். ஐம்பது வயது, ஒல்லி, தோளில் ஒரு பெட்டி, கையில் மடக்கு நாற்காலி. கூடவே தொம்மை பர்னாந்து. தொம்மையார் கப்பலில் வேலை பார்த்து யோகோஹாமாவில் எட்டு மாதம் கிடந்த மனிதர். அங்கே எதற்குக் கிடந்தார் என்பதை அவர் பெண்டாட்டி முன்னால் கேட்கக் கூடாது. அவருக்கு ஜப்பான் பாஷையில் நாற்பது சொல் தெரியும். அதில் முப்பது சாப்பாடு.

“பேச்சிமுத்து, இவரு உம்ம கடையை வரையணுமாம்” என்றார் தொம்மையார்.

“என்னையா?”

“உம்மை எவன் வரைவான்? கடையை.”

ஊரில் கோயில் இருக்கிறது, மாதா கோபுரம் இருக்கிறது, கலங்கரை விளக்கம் இருக்கிறது. அதையெல்லாம் விட்டுவிட்டு என் கடைக்கு வந்தார் என்றால் கண் உள்ள மனிதர். வாசலில் நாற்காலியை விரித்து உட்கார்ந்தார். பதினேழு நாள். முதல் இரண்டு நாள் பென்சிலையே எடுக்கவில்லை. சும்மா பார்த்தார். மூன்றாம் நாள் எழுந்து வந்து ஒவ்வொன்றாகச் சாணளந்தார். கதவு எத்தனை சாண், கதவு எந்தப் பக்கம் திறக்கும், சுவிட்சு எந்த உயரத்தில், அந்த சுவிட்சைச் சுற்றிச் சுவரில் அழுக்கு எவ்வளவு, கத்தி தீட்டுகிற வார் எந்த ஆணியில் தொங்கும். நாலு மணி வெயில் எந்தக் கல் வரைக்கும் வரும் என்று தரையில் சாக்பீஸால் கோடு போட்டார். என் பெண்டாட்டி சொர்ணத்தாய் சோறு கொண்டு வந்தவள் நின்று பார்த்துவிட்டு, “இந்தாரும், இவரு கடையை விலை பேச வந்தவரா? ஒப்புக்காதீரும்” என்றாள்.

அவர் உத்தியோகம் என்னவென்று நான் தொம்மையாரிடம் கேட்டேன். தொம்மையார் அவரிடம் கேட்டார். அவர் அரைமணி நேரம் பேசினார். தொம்மையார் எனக்கு ஒரே வரியில், “வீடு வரையுதவரு” என்றார். நாற்பது சொல்லில் அவ்வளவுதான் வரும். ஆனால் பதினேழு நாளில் கொஞ்சம் கொஞ்சமாகக் கறந்துவிட்டேன். சவரக்கடைக்காரனிடம் வாய் திறக்காதவன் உண்டா?

பத்தொன்பது வயதில் அந்தக் கம்பெனியில் சேர்ந்தாராம். முதல் மூன்று வருஷம் வானம் மட்டும். ஒரு நாளைக்கு ஆறு வானம். பெரியவர் வந்து பார்த்து, ‘இது மழை பெய்யப் போகிற மேகம், நான் கேட்டது பெய்து முடித்த மேகம்’ என்று கிழித்துப் போடுவாராம். நாலாவது வருஷம்தான் மரம் கிடைத்தது. அப்புறம் கல், அப்புறம் ஓடு, அப்புறம் வீடு. முப்பத்தாறு வயதில் அவரே கலை இயக்குநர். அதென்ன வேலை என்றால், இருபது பேர் உட்கார்ந்து வரைவார்கள், ஆனால் படம் பார்க்கிறவனுக்கு ஒரே கை வரைந்த மாதிரி இருக்க வேண்டும். அதற்கு இவர் முதலில் ஒன்று வரைந்து சுவரில் ஒட்டுவார். மற்ற இருபது பேரும் அதைப் பார்த்துத்தான் தூரிகையை நனைக்க வேண்டும். நிழலில் நீலம் எவ்வளவு என்பதில்கூட எவனும் அவரைத் தாண்டக் கூடாது.

காகிதத்தை முதலில் தண்ணீரால் நனைத்துவிட்டு, அது காய்வதற்குள் வானத்தைப் போட்டு முடிப்பார். அதற்கு என்னுடைய தண்ணீர்ப் பீச்சியைத்தான் வாங்கிக்கொண்டார். உலகம் முழுவதும் ஓடின அந்தப் படத்தில் இருக்கிற வானம் என் பீச்சித் தண்ணீர், ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். வண்ணம் காய என்னுடைய டிரையர். பதினோராம் நாள் அவர் வரைந்த என் கடை வாசலை வெயிலில் சாய்த்து வைத்திருந்தார். பக்கத்து ஐஸ் பிளாண்டில் கிடக்கிற நாய் வந்து, நிஜ வாசலை விட்டுவிட்டு அந்தப் பட வாசலில் காலைத் தூக்கியது. சிரிக்காதீர்கள், மீசை கோணிவிடும்.

ஆனால் ஒரு வருத்தம். நான் நாள் முழுக்க இந்த நாற்காலி பக்கத்தில் நிற்கிறேன். படத்தில் நாற்காலி இருக்கிறது, துண்டு இருக்கிறது, நான் இல்லை! கேட்டேன்.

“நான் எங்கவே?”

தொம்மையார் கேட்டுச் சொன்னார்: “ஆளுங்களை வேற ஆளுக வரைவாங்களாம். இவரு ஆளில்லாத இடம்தான் வரைவாராம். ஆளு பிறகு வந்து நிப்பானாம்.”

“ஆளில்லாம சலூன் ஏது? நாற்காலி தானா சிரைக்குமா?”

இதை மொழிபெயர்க்கத் தொம்மையாரிடம் சொல் இல்லை. அவர் சும்மா குனிந்து வணங்கினார். ஜப்பான்காரரும் குனிந்து வணங்கினார். அதோடு முடிந்தது.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். பன்னிரண்டாம் நாள். அவர் இந்தச் சுவருக்கு எதிரே உட்கார்ந்து, சுவரைக் காட்டி ஏதோ கேட்டார். தொம்மையார் சொன்னார்: “இந்தப் பக்கம் வெளிச்சம் எங்க இருந்து வருதுன்னு கேக்காரு.”

வெளிச்சம் எங்கே வருகிறது? சுவருக்கு அந்தப் பக்கம் மூன்றடியில் ஐஸ் பிளாண்ட். இரண்டு மாடி உயரம், அதன் மேல் பாசி. நடுவில் இருக்கிற சந்தில் ஊர் முழுக்க வந்து ஒன்றுக்கு இருக்கும். அதையா சொல்ல முடியும்? கடல் தாண்டி வந்த மனிதர். நான் நிமிர்ந்து நின்று சொன்னேன்: “அங்க ஒரு ஜன்னல் இருந்துச்சுன்னு சொல்லும். வட்ட ஜன்னல். நீலக் கண்ணாடி. உள்ள உக்காந்தா கடல் தெரியும். எங்கப்பா காலத்துல ஒரு வெள்ளைக்காரத் துரை சவரத்துக்கு வந்தான். ஜன்னல் வழியா கடலைப் பாத்துக்கிட்டே தூங்கிட்டான். கப்பல் அவனை விட்டுட்டுப் போயிருச்சு. அந்தக் கோவத்துல ஜன்னலை அடைச்சுட்டான்.”

“இது எப்பவே?” என்றார் தொம்மையார்.

“நீரு யோகோஹாமாவுல கிடந்தப்போ.”

தொம்மையார் மேற்கொண்டு கேட்காமல், தெரிந்த சொற்களை வைத்து ஏதோ சொன்னார். முரகுச்சி எழுந்தார். சுவரில் உள்ளங்கையை வைத்தார். கண்ணை மூடிக்கொண்டு பூச்சை மேலும் கீழும் தடவிப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்து, எவ்வளவு பெரிது என்று கையால் வட்டம் போட்டுக் கேட்டார். நான் காட்டினேன். எந்த உயரம் என்று கேட்டார். காட்டினேன். நாற்காலியில் உட்கார்ந்தவன் கண்ணுக்கு நேரே. நீலம் எப்படிப்பட்ட நீலம் என்று பதினெட்டு நீலம் குழைத்து வரிசையாக வைத்தார். நான் ஒன்றைத் தொட்டேன். பொய் சொல்கிறவனுக்குப் பதினெட்டு நீலத்தில் இதுதான் என்று தெரியுமா, சொல்லுங்கள்?

போய்விட்டார். மூன்று வருஷம் கழித்து ஒரு பெரிய உறை வந்தது. உள்ளே, சினிமாவுக்காக அவர் வரைந்த படத்தின் அச்சு. என் கடை, வட்ட ஜன்னல், அதில் கடல். நான் சட்டம் போட்டு மாட்டினேன். சொர்ணத்தாய் பார்த்துவிட்டு, “ஜன்னல் நல்லாத்தான் இருக்கு. கடையில இருந்தா இன்னும் நல்லா இருந்திருக்கும்” என்றாள். அவளுக்கு எதிலும் ஒரு குத்தல்.

அதற்கப்புறம் பதிமூன்று பதினாலு வருஷம் ஒன்றும் இல்லை. பிறகு வர ஆரம்பித்தார்கள். ஜப்பான் பிள்ளைகள். அவர்களுக்கு இது ஒரு வழக்கமாம். படத்தில் பிடித்த இடம் நிஜத்தில் எங்கே இருக்கிறதென்று தேடிப் போய், கையில் அந்தப் படத்தைத் தூக்கிப் பிடித்து, இடத்தோடு கோட்டுக்குக் கோடு ஒட்ட வைத்துப் பார்ப்பார்கள். நம்மவர்கள் அறுபடை வீட்டுக்குப் போகிற மாதிரி. முதலில் வந்தது இரண்டு பெண்கள். நாகர்கோவில் வரை ரயில், அங்கிருந்து மூன்று பஸ். வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு வந்தார்கள், அண்ணாச்சி. என் சலூனுக்குள்! கதவு ஒட்டியது, நாற்காலி ஒட்டியது, சுவிட்சு ஒட்டியது. இந்தச் சுவருக்கு வந்தார்கள். படத்தைப் பார்த்தார்கள், சுவரைப் பார்த்தார்கள், மறுபடி படத்தைப் பார்த்தார்கள். அந்தச் சின்னப் பெண்ணின் முகம் வாடின வாட்டம் இருக்கிறதே, தேர் இல்லாத திருவிழாவுக்கு வந்தவள் மாதிரி. குனிந்து வணங்கிவிட்டுப் போனார்கள்.

எனக்கு அன்று சோறு இறங்கவில்லை. அவர்கள் என்னைப் பொய்யன் என்று நினைத்தால் பரவாயில்லை. முரகுச்சியைப் பொய்யன் என்று நினைத்துவிட்டால்? மறுநாளே கொத்தனார் இசக்கியைக் கூப்பிட்டுச் சுவரை உடைத்தேன். வட்டமாக, அதே அளவு, அதே உயரம். நீலக் கண்ணாடிக்கு மதுரை வரைக்கும் போனேன். ஜன்னலைத் திறந்தால் ஐஸ் பிளாண்ட் பாசிதான் தெரிந்தது. அதனால் என்ன? அடுத்து வந்த பிள்ளைகள் படத்தைத் தூக்கிப் பிடித்தார்கள், வட்டம் ஒட்டியது, கைதட்டினார்கள். கடல் எங்கே என்று கேட்ட ஒருத்தனிடம், இன்றைக்குக் கடல் உள்வாங்கியிருக்கிறது என்று சொன்னேன்.

இப்படி நிம்மதியாக இருக்கும்போது வந்தது ரோடு. வெள்ளமணல் பேரூராட்சிக்கு ஒரு புது ஈ.ஓ. அம்மா, அதாவது நிர்வாக அதிகாரி, தமயந்தி என்று பெயர். நோட்டீஸ் ஒட்டினார். தொண்ணூற்றெட்டில் தெருவுக்கு வரைபடம் போட்டார்களாம். அதற்கு முன்னால் இருந்த கடை என்று காட்டினால் நிற்கலாம், இல்லையென்றால் ஆக்கிரமிப்பு, இடிப்பு. என் பத்திரம் தொண்ணூற்றிரண்டு புயலில் கடலோடு போய்விட்டது. அப்படி ஒரு பத்திரமே இருந்ததில்லை என்று சொர்ணத்தாய் சொல்வாள், அதைக் காதில் வாங்காதீர்கள். கரண்டும் பக்கத்துக் கடையிலிருந்து இழுத்தது, ரசீது கிடையாது. நாற்பத்தைந்து வருஷம் நின்ற இடம். அறுபத்தெட்டு வயதில் கத்தியைத் தூக்கிக்கொண்டு எங்கே போவேன்? மரத்தடியிலா?

படத்தைத் தோளில் தூக்கிக்கொண்டு ஆபீசுக்குப் போனேன். “இந்தா இருக்கு அத்தாட்சி. தொண்ணூத்தாறுல வரைஞ்சது.”

அம்மா கண்ணாடியை மூக்கில் ஏற்றிப் பார்த்தார். நேரே கடைக்கே வந்தார். ஜன்னலுக்குக் கீழே விரலை வைத்தார். அங்கே அந்தப் பாவி இசக்கி சிமெண்டில் தன் பெயரையும், 2013 என்று வருஷத்தையும் கீறி வைத்திருக்கிறான்.

“தாத்தா, தொண்ணூத்தாறுல வரைஞ்ச படத்துல, ரெண்டாயிரத்துப் பதிமூணுல வச்ச ஜன்னல் எப்படி வந்துச்சு?”

“அவரு பெரிய கலைஞரும்மா. முன்கூட்டியே தெரியும்.”

“அப்போ ஜன்னல் கற்பனை. ஜன்னல் கற்பனைன்னா கடையும் கற்பனை. ஒண்ணு, படம் மொத்தமும் நிஜம்னு நிரூபிங்க. இல்ல, காலி பண்ணுங்க. முப்பது நாள்.”

பார்த்தீர்களா வம்பை? நான் விட்டேனா? அதுவரை வந்த ஜப்பான் பிள்ளைகளில் ஒருத்தி விலாசம் கொடுத்திருந்தாள். அவளுக்கு எழுதினேன், அவள் அவருக்குச் சொன்னாள். அவருக்கு எழுபத்தாறு வயதாம். கடைசியில் பார்த்தது வானமும் இல்லை, மரமும் இல்லை. படத்துக்குக் கதை முடிவாவதற்கு முன்பே, அதில் வருகிற ஊர் முழுவதையும் முதலில் வடிவமைத்துக் கொடுக்கிற பெரிய உத்தியோகமாம், அதிலும் ஓய்வு பெற்றுவிட்டார். இருபத்தாறாம் நாள் தபால் வந்தது. பேரூராட்சி விலாசத்துக்கே அனுப்பிவிட்டார், அசட்டு மனிதர். என்னிடம் முதலில் காட்ட வேண்டாமா?

உள்ளே பழைய காகிதம் ஒன்று. படம் இல்லை, படத்துக்கு முன்னால் அளவு எடுத்துப் போட்டுக்கொள்கிற தாள். கடையை மேலிருந்து பார்த்தால் எப்படி, நாலு சுவரும் தனித்தனியாக எப்படி, ஒவ்வொன்றுக்கும் எண். மூலையில் தேதி. அம்மா அதைப் பார்த்து, “வருஷம் எட்டுன்னு போட்டிருக்கு. ஏசு காலத்துக் கடையா தாத்தா?” என்றார். கூட வந்த ஆங்கிலக் கடிதத்தில் விளக்கம் இருந்தது. அவர்கள் ராஜா பட்டத்துக்கு வந்த எட்டாம் வருஷம். கணக்குப் போட்டால் தொண்ணூற்றாறு.

இன்னொன்றும் இருந்தது, அண்ணாச்சி. அந்தத் தாளில், கதவுக்குப் பக்கத்தில் ஒரு ஆள்! உயரம் தெரிவதற்காக ஒரு ஆளை நிறுத்தி வரைவார்களாம். கையில் கத்தி, தோளில் துண்டு. நான்! அம்மா என்னைக் கதவோரம் நிறுத்தித் தாளைப் பிடித்துப் பார்த்தார். வரைந்ததில் தாழ்ப்பாளுக்கு மேல் நாலு விரலில் தோள், நிஜத்திலும் அதே இடத்தில் தோள். “கடை நிஜம்தான்” என்றார். என்னை இரண்டு அங்குலம் குறைத்துத்தான் வரைந்திருக்கிறார், அதை அப்போது நான் கிளப்பவில்லை.

ஆனால் அந்தத் தாளில் இந்தச் சுவர் மொட்டையாக இருந்தது. ஜன்னல் இல்லை. அம்மா கடிதத்தை எங்கள் எல்லோர் முன்னாலும் தமிழில் வாசித்தார். எனக்கு வரிக்கு வரி மனப்பாடம்:

‘அங்கே ஜன்னல் இருந்ததில்லை. சுவரில் கை வைத்ததும் தெரிந்துவிட்டது. பூச்சு முழுவதும் ஒரே வயது. ஐம்பது வருஷமாக இல்லாத வீடுகளை வரைகிறேன். அவற்றில் குடியிருக்கப் போகிறவர் யாரும் வந்து, எனக்கு வெளிச்சம் இங்கே வேண்டும் என்று சொன்னதில்லை. இவர் ஒருவர்தான் சொன்னார். அதனால் வரைந்தேன்.’

எவ்வளவு பெரிய புளுகு, பார்த்தீர்களா? கை வைத்ததும் தெரிந்ததாம்! பதினெட்டு நீலம் குழைத்தாரே, பொய்யென்று தெரிந்தவன் குழைப்பானா? எனக்கு வெளிச்சம் வேண்டுமாம். நான் கேட்டேனா? எனக்கென்ன ஏக்கம்? முப்பத்தாறு வருஷம் அந்தச் சுவரைப் பார்த்துத்தான் நின்றேன், ஒரு நாளாவது... சரி, விடுங்கள். வயதானால் மனிதர்கள் இப்படித்தான் கதை கட்டுவார்கள். ஏமாந்ததை ஒப்புக்கொள்ள வெட்கம். நான் மன்னித்துவிட்டேன்.

அம்மா மன்னிக்கவில்லை. “கடை நிக்கலாம். ஆனா ஜன்னல் அனுமதி இல்லாம வச்சது. அடைச்சிடணும். ‘முன்பு ஜன்னல் இருந்தது என்று நான் சொன்னது பொய்’ன்னு எழுதிக் கையெழுத்தும் போடணும். இல்லன்னா இந்தத் தாளைக் கோப்புல சேக்க முடியாது.”

“போட மாட்டேன்” என்றேன்.

“கடை போயிரும்.”

“போகட்டும்! இடிங்க! நாற்காலியில நான் உக்காந்திருப்பேன், என்னையும் சேத்து இடிங்க!”

மூன்று நாள் போடவில்லை. மண்வாரி இயந்திரம் தெரு முனையிலிருந்து ஒவ்வொன்றாகத் தின்றுகொண்டே வந்தது. செருப்புக்கடை, உரக்கடை, சைக்கிள் கடை. நாலாம் நாள் காலை சொர்ணத்தாய் வந்து வாசலில் நின்றாள். அவள் கத்தவில்லை, அதுதான் பயம். “கல்யாணமாகி நாப்பத்தஞ்சு வருசத்துல என்கிட்ட எத்தனை பொய் சொல்லியிருக்கீரு, நான் ஒண்ணுக்காச்சும் கையெழுத்துக் கேட்டிருக்கேனா? அந்தப் பொம்பளை ஒண்ணே ஒண்ணுக்குத்தான் கேக்கா. போட்டுட்டு வாரும்” என்றாள்.

போட்டேன். அண்ணாச்சி, என் ஆயுசில் நான் சொன்ன ஒரே பொய் அந்தக் கையெழுத்துதான்.

ஜன்னலை அடைத்துவிட்டேன் என்றும் எழுதிக் கொடுத்தேன். அம்மாவே வந்து பார்த்தார். உள்ளே இந்தப் பெரிய முகக்கண்ணாடி. வெளியே தகரப் பலகை, ‘திறந்தவெளியில் அசுத்தம் செய்யாதீர், பேரூராட்சி நிர்வாகம்’. அவர்கள் பலகைதான், அவர்கள் குப்பைக் கிடங்கிலிருந்தே எடுத்தது. தன் பலகையைக் கழற்றிப் பார்க்க எந்த அதிகாரிக்குத் தைரியம் வரும்? திருப்தியாகப் போய்விட்டார். அடுத்த வாரம் ரோட்டுக்காக ஐஸ் பிளாண்டையும் இடித்தார்கள்.

முகத்தைத் துடைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கண்ணாடிக்கு இரண்டே கொக்கி. இப்படி. வெளிப் பலகைக்கு ஒரு கயிறு. இப்படி. ஆங், இப்போது நிமிர்ந்து பாருங்கள்.

தெரிகிறதா? பாசி இல்லை, மதில் இல்லை. படத்தில் எந்த இடத்தில் அலை உடைகிறதோ அதே இடம். நீலம் அதே நீலம். கடலை அவர்களே திறந்து வைத்துவிட்டு என்னிடம் வந்து ஜன்னலை அடை என்றால் அடைத்துவிடுவேனா? நான் பேச்சிமுத்து.

போதும், மூடிவிடுகிறேன், தெருவில் ஆள் வருகிறது. அண்ணாச்சி, இந்த ஊரில் எத்தனை நாள் இருப்பீர்களோ தெரியாது. ஆபீஸ் பக்கம் போவீர்கள், டீக்கடையில் நிற்பீர்கள். ஜன்னல் கதையை யாரிடம் வேண்டுமானாலும் சொல்லுங்கள், சொன்ன வாய் எது என்று மட்டும் சொல்லாதீர்கள். இவ்வளவு சுத்தமாக மழித்திருக்கிறதே, யார் கடை என்று அந்த அம்மாவே கேட்டாலும், திருச்செந்தூரில் மொட்டை போடப் போனேன், முகத்தை மழித்ததோடு நிறுத்திவிட்டார்கள் என்று சொல்லிவிடுங்கள்.